வௌவால் எந்தப் பக்கம் வெளிக்கு இருக்கும்?

ஆச்சிக்கும் எனக்கும் நடுவில் 28 வருடமாக ஒரு வழக்கு ஓடிக்கொண்டிருந்தது. சொத்து வழக்கு இல்லை. வௌவால் எந்தப் பக்கமாக வெளிக்கு இருக்கும் என்பதுதான் வழக்கு. வாயால் தின்று வாயாலேயே கழிகிற பிறவி அது என்பது ஆச்சி கட்சி. முற்பிறவியில் அடுத்தவரைப் பற்றிப் புறணி பேசித் திரிந்தவர்கள்தான் அப்படிப் பிறப்பார்கள் என்று ஒரு துணைக் கதையும் உண்டு, அது பெரும்பாலும் பக்கத்து வீட்டுக்காரர்கள் காதில் விழும்படி சொல்லப்படும். நான் அப்போது ஆறாம் வகுப்பு. அறிவியல் புத்தகத்தில் வௌவால் ஒரு பாலூட்டி என்று படித்த சூட்டோடு வந்து, "அதெல்லாம் இல்ல ஆச்சி, வௌவால் பறவையே கிடையாது, குட்டி போட்டுப் பால் குடுக்கும், நம்மள மாதிரிதான்" என்றேன். ஆச்சி முறத்தைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். "நம்மள மாதிரியா? ஏல, நீ தலகீழாத் தொங்கிக்கிட்டா சோறு திங்க?"

அதோடு விடவில்லை. "தலகீழாத் தொங்குத சீவன் எப்பிடில வெளிக்கு இருக்கும்? எல்லாம் அது மேலேயே வழியாதா? அதான் கடவுள் ஒரே வாசலா வச்சிட்டான்." இதற்கு என்னிடம் பதில் இல்லை. புத்தகத்தில் அந்தப் பாடம் வரவில்லை. தோற்றுப்போகக் கூடாதே என்று கையிலிருந்த அடுத்த சீட்டைப் போட்டேன்: "வௌவாலுக்குக் கண்ணே தெரியாது, காதாலதான் பாக்கும், தெரியுமா?" ஆச்சி சாவகாசமாகக் கேட்டாள், "எது, வவ்வாலா துரிஞ்சிலா?" எனக்குக் கேள்வியே புரியவில்லை. பதில் தெரியாமல் பேச்சை மாற்றுகிறாள் என்று நினைத்துக்கொண்டு ஜெயித்துவிட்ட தோரணையில் விளையாடப் போய்விட்டேன்.

அப்புறம் பல வருடம் இது என்னிடம் ஒரு வேடிக்கைக் கதையாகவே இருந்தது. ஊர்க்காரர்களின் அறியாமைக்கு உதாரணம் வேண்டும் என்றால் இதைத்தான் எடுப்பேன். போன வருடம் அலுவலகத்தில் மதியச் சாப்பாட்டின்போது சொன்னேன், எல்லோரும் சிரித்தார்கள். கோயம்புத்தூர்க்காரர் ஒருவர் மட்டும் சிரித்து முடித்துவிட்டு, "சரி, அப்ப நிஜமா எப்படித்தாங்க போகும்?" என்றார். தயிர்சாதத்தைப் பிசைந்துகொண்டே யோசித்தேன். தெரியவில்லை. 28 வருடமாக ஆச்சியைக் கிண்டல் செய்துகொண்டிருந்த நான் ஒரு தடவைகூட ஒரு வௌவாலை ஐந்து நிமிடம் சேர்ந்தாற்போலப் பார்த்ததில்லை. அன்றைக்கு முழுக்க இது குடைந்துகொண்டே இருந்தது.

சக்கை

ஆச்சி சொன்னது தப்புதான், சந்தேகமில்லை. ஆனால் எங்கிருந்து அந்தத் தப்பு வந்தது என்று பார்க்க ஆரம்பித்தபோதுதான் எனக்குக் கொஞ்சம் வெட்கமாகிவிட்டது. எங்கள் வீட்டு வாசலில் ஒரு வாதாமரம், பின்னால் இரண்டு கொய்யா. அறுபது வருடத்துக்கு மேலாக விடிகாலையில் அந்த வாசலைப் பெருக்குவது ஆச்சி. ராத்திரி வௌவால் வந்துபோன தடம் எல்லாம் அவள் விளக்குமாற்றில்தான் முதலில் படும். அதில் நிறைய இருப்பது சக்கை. சுண்டுவிரல் நகம் அளவுக்குத் தட்டையாக, நாராக, ஈரமாக, பிழிந்து போட்ட தேங்காய்ப்பூ மாதிரி. அதில் பல் பதிந்த வரிகூடத் தெரியும். பார்த்த யாருக்கும் அது வாயிலிருந்துதான் வந்தது என்று புரிந்துவிடும்.

பழந்தின்னி வௌவால் பழத்தை விழுங்குவதே இல்லை. நாம் கரும்பு தின்பது போலத்தான் அது பழம் தின்கிறது. ஒரு காலால் தொங்கிக்கொண்டு மறு காலாலும் கட்டைவிரல் நகத்தாலும் பழத்தைப் பிடித்துக்கொள்ளும். ஒரு வாய் கடிக்கும். அதன் மேலண்ணத்தில் குறுக்குக் குறுக்காக வரிவரியான மேடுகள் உண்டு, அதன்மேல் நாக்கால் பழத்தை அழுத்திப் பிழியும். சாறு உள்ளே போகும், நாரும் பெரிய விதையும் வெளியே வரும். பறக்கிற உடம்புக்குச் சுமை ஆகாது, நாரைச் செரிக்கிற வேலையை வயிற்றுக்கு ஏன் கொடுக்க வேண்டும்? குடித்த சாறும் அதில் வந்த ஆல், அத்தி மாதிரிப் பொடி விதைகளும் சுமார் அரை மணி நேரத்திலேயே உடம்பைவிட்டு வெளியேறிவிடும், அதுவும் பெரும்பாலும் பறக்கும்போதே. ஆக மரத்தடியில் குவிவது சக்கை, நிஜமான எச்சம் ஊர் முழுக்க எங்கெங்கோ விழுந்துவிடுகிறது. நாவல் பழ சீசனில் வெள்ளைச் சுவரில் ஊதாக் கறையாகத் தெரிகிறதே, அது. சுவரில் இருப்பதை வாசல் பெருக்குகிறவள் எப்படிக் கணக்கில் சேர்ப்பாள்? தன் கண்முன்னால் கிடந்ததை வைத்து ஆச்சி எழுதிய தீர்ப்பு அது. அதை அறியாமை என்று சொல்ல எனக்கு இப்போது வாய் வரவில்லை.

வாதாங்கொட்டை, புன்னைக்காய் மாதிரிப் பெரிய விதை உள்ளதை அது பெரும்பாலும் தாய்மரத்தில் உட்கார்ந்து தின்னாது, தூக்கிக்கொண்டு வேறொரு மரத்துக்குப் போய்த் தின்றுவிட்டுக் கொட்டையைப் போட்டுவிடும். அந்தக் கொட்டையை நாங்கள் அம்மிக்கல்லில் உடைத்துப் பருப்பைத் தின்றோம். வௌவால் கடித்த கொய்யாதான் தித்திப்பு என்று கடித்த இடத்தை மட்டும் நறுக்கி எறிந்துவிட்டு மிச்சத்தையும் தின்றோம். பழுத்த பழத்தை அது மோப்பத்தில் கண்டுபிடிக்கும், ஆகவே தித்திப்பு விஷயத்தில் அதன் தீர்ப்பை நம்பலாம் என்பது உண்மையே. இப்போது என் மகளைத் தின்ன விடுவதில்லை. 2018-ல் கோழிக்கோட்டில் நிப்பா வந்து 17 பேர் இறந்தார்கள். அந்த வைரஸ் தங்கியிருப்பது இந்தப் பழந்தின்னி உடம்பில்தான். எச்சில் பட்ட பழத்தை ஒதுக்கிவிட்டால் போதும், அதற்காக மரத்தை வெட்ட வேண்டியதில்லை. கூட்டத்தைக் கலைத்துவிட்டால் அவை இன்னும் பத்து ஊருக்குப் பரவும், அவ்வளவுதான்.

வவ்வாலா, துரிஞ்சிலா?

இந்தக் கேள்விக்கு வருகிறேன். எனக்கு அது பேச்சை மாற்றுகிற தந்திரமாகத் தெரிந்ததே, அதுதான் இந்த வழக்கிலேயே முக்கியமான குறுக்கு விசாரணை. எங்கள் பக்கத்துப் பெரியவர்களுக்கு வவ்வால் என்றால் மருத மரத்தில் தொங்குகிற பெரியது. இறக்கையை விரித்தால் நாலு அடிக்குக் குறையாது, நன்றாக வளர்ந்தது ஒன்றரைக் கிலோ வரை வரும், நாய் மூஞ்சி. துரிஞ்சில் என்றால் கோயில் மண்டபத்து இருட்டில், பழைய வீட்டு உத்தர இடுக்கில் ஒட்டிக்கொண்டிருக்கும் கைக்கடக்கமான சங்கதி, சப்பை மூஞ்சி. ஒன்று பழம், இன்னொன்று பூச்சி. பேரும் வேறு, ஜாதியும் வேறு. பள்ளிக்கூடம் இரண்டையும் ஒரே சொல்லில் போட்டு மூடிவிட்டது. காதால் பார்ப்பது துரிஞ்சில். நான் சண்டை போட்டது வவ்வாலைப் பற்றி. அதற்குக் கண் அருமையாகத் தெரியும். மினுமினுக்கும் அந்தப் பெரிய கண் சும்மா அலங்காரத்துக்கு இல்லை. உள்ளே விழித்திரை நமக்கு இருப்பதுபோல வழவழப்பாக இல்லாமல் மேடும் பள்ளமுமாக இருக்கும், மங்கலான வெளிச்சமே அதற்குப் போதும். எதிரொலி வித்தை அதற்குக் கிடையாது. அதன் உறவிலேயே குகையில் தங்குகிற ஒரு வகை மட்டும் நாக்கைச் சொடுக்கிச் சத்தம் எழுப்பி வழி பார்க்கும், அது தனிக் கதை.

துரிஞ்சில் கதையோ கேட்கக் கேட்க மலைப்பு. 1790-களில் இத்தாலியில் ஸ்பல்லன்சானி என்ற பாதிரியார் இருட்டறையில் ஆந்தையையும் வௌவாலையும் விட்டுப் பார்த்தார். ஆந்தை முட்டி மோதியது, வௌவால் ஜம்மென்று பறந்தது. கண்ணைக் குருடாக்கியும் விட்டுப் பார்த்தார் (கொடுமைதான்), அப்போதும் பறந்தது, பூச்சியும் பிடித்தது. ஜெனீவாவில் ஜூரின் என்பவர் காதை அடைத்துவிட்டார், உடனே முட்டிக்கொண்டு விழுந்தது. இவ்வளவு பார்த்த பிறகும் கூவியே என்ற பிரெஞ்சு விலங்கியலாளர், அன்றைய பெரிய தலை, இறக்கையின் தொடு உணர்ச்சியால்தான் அது வழி அறிகிறது என்று சொல்லிவிட்டார். பெரியவர் சொன்னால் போதாதா, நூறு வருடத்துக்கு மேல் உலகம் அதையே நம்பியது. 1938-ல் ஹார்வர்டில் படித்துக்கொண்டிருந்த டொனால்ட் கிரிஃபின் என்ற மாணவர், மனிதக் காதுக்கு எட்டாத ஒலியைப் பிடிக்கும் ஒரு கருவி அங்கே இருக்கிறது என்று கேள்விப்பட்டு, ஒரு கூண்டு வௌவாலைத் தூக்கிக்கொண்டு போய் அதன் முன்னால் வைத்தார். கருவி அலறியது. தெருவிளக்கடியில் பூச்சியைத் துரத்துகிறபோது கடைசி நொடியில் அது வினாடிக்கு நூற்றைம்பது, இருநூறு தடவை கத்தி எதிரொலி வாங்குகிறது. அந்த விளக்குக்குக் கீழே நின்று நாம் டீ குடிக்கிறோம், ஒன்றும் கேட்பதில்லை.

இதிலும் நம் ஊர்க்காரர்கள் ஒரு முடிச்சு போட்டிருக்கிறார்கள். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்து மாரிமுத்து, தவளை பிடித்துத் தின்கிற ஒரு வௌவாலை ஆராய்ந்தார். இருட்டில் அசையாமல் உட்கார்ந்திருக்கும் தவளையை அது கண்டுகொள்வதில்லை, தவளை தத்துகிற அந்தச் சின்னச் சத்தம் கேட்டால் போதும், வந்து அள்ளிவிடும். எதிரொலி வைத்திருந்தும் அதை நம்பாமல் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருக்கிறது. இன்னொன்று. மரபணுவைப் பார்த்த பிறகு, இந்தத் தவளைப் பிடிப்பான், மற்ற பல துரிஞ்சில்களைவிடப் பழந்தின்னிக்குத்தான் நெருங்கிய சொந்தம் என்று தெரிந்திருக்கிறது. ஆக ஆச்சியின் இரண்டு பெயர்க் கணக்கும் முழுசாக நிற்கவில்லை. இதை அவளிடம் நான் சொல்லவில்லை. எனக்கு ஆதரவாக ஒன்று கிடைத்தால் உடனே எடுத்து வீசுகிற பழக்கத்தை இந்த ஒரு வழக்கிலாவது விடலாம் என்று பார்க்கிறேன்.

பார்க்காமல் தீர்ப்பு எழுதியதில் நான் தனி ஆள் இல்லை என்பது ஒரு ஆறுதல். 1948-ல் மேகமலையில் தேயிலைத் தோட்டத்தில் இருந்த ஆங்கஸ் ஹட்டன் ஒரு பழந்தின்னியைப் பிடித்துப் பதப்படுத்தி பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்துக்குக் கொடுத்தார். ஏதோ சாதாரண வகை என்று சீட்டு கட்டிப் போட்டுவிட்டார்கள். 24 வருடம் அப்படியே கிடந்தது. தாய்லாந்துக்காரர் கிட்டி தொங்லோங்யா அதை எடுத்துப் பல்லைப் பார்த்தார், வால் இல்லாததைப் பார்த்தார், இது உலகத்துக்கே புதிய பேரினம் என்று 1972-ல் எழுதி, சாலிம் அலியின் பெயரை வைத்தார். அதே 1972-ல் வந்த வன உயிரினச் சட்டம் பழந்தின்னிகளை எலி, காக்காயோடு சேர்த்து ஒழிக்கத்தக்கவை என்ற பட்டியலில் எழுதியது. 2022 திருத்தத்தில்தான் அந்தப் பட்டியலையே எடுத்தார்கள். ஐம்பது வருடம்!

சரி, ஊர், சட்டம், அருங்காட்சியகம் எல்லாம் இருக்கட்டும். நானும்தான் பாளையங்கோட்டையில் மூன்று வருடம் நெட்டிலிங்க மரங்களுக்குக் கீழேயே நடந்து படித்தவன். அந்த ஊர் ஆய்வாளர்கள் 1990-களில் அதே மாதிரி மரங்களில் சின்னப் பழந்தின்னி வௌவால் ஆண்கள் கூடாரம் கட்டுவதை எழுதினார்கள். இலைக்காம்பையும் தண்டையும் வாரக்கணக்கில் கடித்துக் கடித்து, தழை குடை மாதிரிக் கவிகிற அளவுக்குப் பக்குவம் பண்ணி, அதற்குள் உட்கார்ந்து பெண்களுக்காகக் காத்திருக்குமாம். அதை நான் தலைக்கு மேலே வைத்துக்கொண்டு பார்க்கவே இல்லை. என் கண்ணெல்லாம் அந்தக் காலத்தில் பஸ் ஸ்டாப் பக்கம் இருந்தது.

மருத மரத்தடியில்

சித்திரையில் அம்மன் கொடைக்கு ஊருக்குப் போனேன். நண்பரிடம் பைனாகுலர் கடன் வாங்கிப் போயிருந்தேன். மறுநாள் மத்தியானம் வீடு முழுக்கச் சொந்தக்காரர்கள் பாய் விரித்துத் தூங்கிக்கொண்டிருந்தபோது வாய்க்கால் கரைக்குப் போய் மருத மரத்தடிக் கல்லில் உட்கார்ந்தேன். வௌவால் தொங்குகிற மரத்தடிக்கு ஒரு வாடை உண்டு, புளித்த பழமும் ஆட்டுக்கிடை நெடியும் கலந்தாற்போல. பகலில் அவை தூங்கும் என்று நினைத்தால் அதுவும் தப்பு. ஒரே சண்டை. "வௌவால் வீட்டுக்கு விருந்துக்கு வந்தால் நீயும் தொங்கு, நானும் தொங்கு" என்று பழமொழி சொல்கிறோமே, அவ்வளவு சமாதானமெல்லாம் அங்கே இல்லை, பக்கத்தில் தொங்க வந்ததை இறக்கைக் கையால் அறைந்து விரட்டுகின்றன. வெயில் ஏற ஏற எல்லாம் ஒற்றை இறக்கையால் விசிறிக்கொண்டன, கொடைப் பந்தலில் நோட்டீசால் விசிறிக்கொண்டிருந்த எங்கள் சித்திமார் மாதிரியே. மார்பையும் இறக்கையையும் நக்கி ஈரமாக்கிக்கொண்டன. விளையாட்டில்லை, வெயில் மிஞ்சினால் கூட்டம் கூட்டமாகச் செத்து விழும் பிராணி அது. 2020 மே மாதம் கோரக்பூரில் அப்படி விழுந்தபோது எல்லோரும் கொரோனா என்று நடுங்கினார்கள், பரிசோதனையில் வெயில் என்று தெரிந்தது.

ஒரு மணி நேரம் போயிருக்கும். கழுத்து வலித்தது. தாழ்வான கிளையில் செம்பட்டைக் கழுத்துக்காரன் ஒருத்தனையே பார்த்துக்கொண்டிருந்தேன். தொங்குவதற்கு அவனுக்கு ஒரு பலமும் வேண்டாம், உடம்பின் பாரம் இழுக்கிற இழுப்பிலேயே கால் நரம்பு பூட்டிக்கொள்ளும். செத்தாலும் சில தொங்கிக்கொண்டே இருப்பது அதனால்தான். அப்படிச் சும்மா தொங்கிக்கொண்டிருந்தவன் திடீரென்று உடம்பை மேல்நோக்கி ஒரு மடக்கு மடக்கினான். இறக்கையின் மூட்டில் கொக்கி மாதிரி நீட்டிக்கொண்டிருக்கும் கட்டைவிரல் இரண்டையும் கிளையில் மாட்டினான். அப்புறம் காலை விட்டான். இப்போது தலை மேலே, கால் கீழே, பள்ளிக்கூடத்தில் கம்பியைப் பிடித்துத் தொங்குகிற பையன் மாதிரி. மூன்று நான்கு நொடி. கீழே சரசரவென்று வாய்க்கால் இலைகளில் தண்ணீர் விழுந்தது. பின்பக்கத்தை ஒரு உதறு உதறினான். காலைத் தூக்கிக் கிளையைப் பிடித்து, கட்டைவிரலை விடுவித்து, பழையபடி தலைகீழானான். இறக்கையை இழுத்துப் போர்த்திக்கொண்டான். அவ்வளவுதான். "எல்லாம் அது மேலேயே வழியாதா?" என்ற கேள்விக்கு அந்தக் கட்டைவிரலால் பதில் சொல்லிவிட்டுத் தூங்கப் போய்விட்டான்.

கல்லைவிட்டு எழுந்தே நின்றுவிட்டேன். எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது, ஆனால் ஜெயித்த சந்தோஷம் இல்லை. ஆச்சி கேட்டது எவ்வளவு சரியான கேள்வி என்று அப்போதுதான் உறைத்தது. தலைகீழாகத் தொங்குகிற உடம்புக்கு அது நிஜமான சிக்கல். கூட்டம் கூட்டமாக ஒன்றுக்குக் கீழே ஒன்றாகத் தொங்குகிற பிராணிக்குத் தினமும் பலமுறை வருகிற சிக்கல். அதற்கென்று ஒரு வித்தை வைத்திருக்கிறது. பாலூட்டி, குட்டி போடும் என்று ஒப்பித்த எனக்கு அந்தச் சிக்கலே தோன்றவில்லை.

இன்னும் அரை மணி நேரம் காத்திருந்து பைனாகுலர் கண்ணாடியில் செல்போனை ஒட்டிப் பிடித்து ஒரு வீடியோ எடுத்தேன். ஆட்டமாக இருந்தது, ஆனாலும் தலை மேலே வருவது தெரியும். ஆச்சிக்கு இப்போது எண்பத்தாறு. இரண்டு கண்ணிலும் புரை எடுத்தாயிற்று. திண்ணையில் பக்கத்தில் உட்கார்ந்து போட்டுக் காட்டினேன். மூன்று தடவை போடச் சொன்னாள்.

"இது மூத்திரம்லா பெய்யுது" என்றாள்.

"ஆமா ஆச்சி."

"நான் மூத்திரத்தையா சொன்னேன்?"

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். "அதுவுமில்லாம இது ஒண்ணு அப்பிடிப் பழகிருக்கும். ஒண்ணப் பாத்துட்டு எல்லாம் அப்பிடித்தான்னு எப்பிடில சொல்லுத?" என்று செல்போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வெற்றிலையை எடுத்துக்கொண்டாள்.

ஊருக்குக் கிளம்புவதை ஒருநாள் தள்ளிப் போட்டேன். வீட்டில் திட்டு விழுந்தது. மறுநாள் காலை ஆறரையிலிருந்து பத்தரை வரை அதே கல்லில் உட்கார்ந்து, கொடை நோட்டீசின் பின்பக்கத்தில் கோடு போட்டுக்கொண்டே வந்தேன். பதினொன்று திரும்பித் தொங்கின. ஒன்பது நேற்றுப் பார்த்ததே. இரண்டு ஆச்சி கேட்டது. அந்த இரண்டில் ஒன்று தாய், குட்டி அதன் மார்பிலேயே கவ்விக்கொண்டிருந்தது, அதையும் சுமந்துகொண்டுதான் கட்டைவிரலில் தொங்கியது. அதைத் தனியாக ஒரு வட்டம் போட்டுக் குறித்துவைத்தேன்.

ஆச்சி நோட்டீசை வாங்கிக் கோடுகளை விரலால் ஒவ்வொன்றாகத் தொட்டு எண்ணினாள். பதினொன்று சரியாக வந்தது. அப்புறம் நிமிர்ந்து, "அந்த மரத்துல மொத்தம் எத்தன தொங்குது?" என்று கேட்டாள்.

அதை நான் எண்ணவில்லை.